அளவுக்குள் ஒரு படை

விளையாட்டு என்றால் உடல் வியர்க்க வேண்டும் என்பர் சிலர். மூளை வியர்த்தாலும் அது விளையாட்டே என்பது என் கருத்து. நம் மன்றத்து நண்பர்கள் சிலர் இவ்வாண்டு மழைக்காலத்தில் மேசைப்போர் என்னும் விளையாட்டில் ஈடுபட்டிருப்பதை யாவரும் அறிவர். பொன்முடியில் மழை பிடித்தால் எளிதில் விடாது. அம்மலையடியில் பயிலும் நமக்கு அந்நாட்களில் திடல் இல்லை, மேசை உண்டு. ஆதலின் விளையாட்டு வளர்ந்தது. அதனோடு ஒரு வழக்கும் வளர்ந்துவிட்டது. மன்றத்துப் பணத்தில் அயல்நாட்டுப் பொம்மைப் படைகளை வாங்கவேண்டும் என்கிறது ஒரு கட்சி. பொம்மைக்குப் பணமா, விளையாட்டையே விட்டொழியுங்கள் என்கிறது மற்றொரு கட்சி. இரண்டும் பொருந்தா என்று காட்டவே இதனை எழுதுகிறேன்.

அறியாதவர்க்காக முதலில் விளையாட்டைச் சொல்லிவிடுகிறேன். ஈட்டி வீரர், வில்லாளர், குதிரையர், பூதம், மந்திரவாதி, பறக்கும் நாகம் என உருவங்கள் பல. ஒவ்வொன்றுக்கும் ஒரு விலை உண்டு. விலை என்பது இங்கே பணமன்று, புள்ளி. எளிய ஈட்டி வீரனுக்கு ஐந்து புள்ளி என்றால் நாகத்துக்கு முந்நூறு இருக்கலாம். ஈராயிரம் புள்ளிக்குள் படை அமைப்பது என்று இருவர் ஒப்புக்கொள்கின்றனர். பின்பு அவரவர் தாளும் எழுதுகோலுமாகத் தனியே அமர்ந்து பட்டியல் எழுதுகின்றனர். அதன் பின்னரே அளவுகோலும் பகடையும் மேசைக்கு வருகின்றன.

சதுரங்கத்தில் இந்தத் தொல்லை இல்லை. இருவர்க்கும் பதினாறு காய். எட்டுச் சிப்பாய், இரண்டு குதிரை என்று யாரோ முன்பே வகுத்துவிட்டனர். மேசைப்போரிலோ, எவற்றைக் கொள்வது, எவற்றைத் தள்ளுவது என்னும் பொறுப்பு ஆடுபவன் தலையில் விழுகிறது. பாதிப் போர் பட்டியலிலேயே நடந்துவிடுகிறது என்றால் மிகையாகாது.

இதன் வரலாறும் சுவையானது. பிரஷ்ய நாட்டில் ரைஸ்விட்ஸ் என்னும் படையதிகாரி 1824-இல் தம் தந்தையின் போர் விளையாட்டைத் திருத்தி வெளியிட்டார். படைத்தலைவர்களுக்கு அது பாடமாயிற்று. 1913-இல் எச். ஜி. வெல்ஸ் ஈயப் பொம்மைகளைக் கொண்டு வீட்டுத் தரையில் ஆடும் சிறுபோரைப் பற்றி ஒரு நூல் எழுதினார். உண்மைப் போரைவிட இந்தச் சிறுபோர் எவ்வளவோ மேலானது என்பது அவர் கொள்கை. அடுத்த ஆண்டே உலகப் போர் மூண்டது. 1971-இல் அமெரிக்காவில் கேரி கைகாக்ஸும் ஜெஃப் பெரனும் வெளியிட்ட செயின்மெயில் என்னும் விதிநூலின் பிற்பகுதியில் மந்திரவாதிகளும் நாகங்களும் புகுந்தனர். 1983-இல் இங்கிலாந்தின் கேம்ஸ் வொர்க்‌ஷாப் நிறுவனத்தார் வார்ஹாமரை வெளியிட்டனர். அதன் பழைய உலகம் 2015-இல் நிறுத்தப்பட்டு, 2024-இல் புதிய விதிகளோடு மீண்டு வந்திருக்கிறது.

புள்ளி மட்டும் இருந்தால் போதாது என்பதை அவர்கள் விரைவில் உணர்ந்தனர். பணக்காரன் விருந்தில் இனிப்பை மட்டும் உண்பதுபோல், சிலர் நாகங்களையும் மாவீரர்களையும் மட்டுமே வாங்கிக் குவித்தனர். ஆகவே பங்கு விதி வந்தது. 2010-இல் வெளிவந்த எட்டாம் பதிப்பைக் காண்க. பொதுப்படை நாலில் ஒரு பங்குக்குக் குறையலாகாது. சிறப்புப்படை பாதியை மிஞ்சலாகாது. அரும்படை நாலில் ஒரு பங்கை மிஞ்சலாகாது. தலைவர்க்கும் வீரர்க்கும் தனித்தனியே அதே நாலில் ஒரு பங்குதான் எல்லை. அரசன் எவ்வளவு பெரியவனாயினும் அவன்பின் காலாள் நடந்தே ஆகவேண்டும் என்பது இவ்விதியின் பொருள்.

இது மேனாட்டார் கண்ட புதுமை என்று எண்ணிவிட வேண்டா. பாரதம் சொல்லும் அக்குரோணிக் கணக்கு நம்மில் பலர் கேட்டதுதான். ஒரு தேர், ஒரு யானை, மூன்று குதிரை, ஐந்து காலாள். இஃது ஒரு பத்தி. இதனை மூன்று மூன்றாக ஏழு முறை பெருக்கி, இறுதியில் பத்தால் பெருக்கினால் ஓர் அக்குரோணி. தேர் 21,870, யானை 21,870, குதிரை 65,610, காலாள் 1,09,350. பத்தில் ஐந்து பங்கு காலாளுக்கே. இந்தப் பங்கு விதியின் முன் நாட்டிங்காமின் பங்கு விதி நேற்றுப் பிறந்த குழந்தை!

அந்தப் பாரதத்திலேயே பட்டியல் எழுதுவோர்க்கு ஒரு பெரும் பாடமும் இருக்கிறது. கண்ணனிடம் உதவி நாடி அருச்சுனனும் துரியோதனனும் சென்றனர். ஒரு பக்கம் நாராயணப் பெரும்படை. மறுபக்கம் படைக்கலம் ஏந்தாத கண்ணன் ஒருவன். அருச்சுனன் கண்ணனைக் கொண்டான். துரியோதனன் படையைக் கொண்டு மகிழ்ந்தான். புள்ளிக் கணக்கில் துரியோதனனே கெட்டிக்காரன். ஆயினும் என்ன நிகழ்ந்தது? பதினொரு அக்குரோணி ஏழு அக்குரோணியிடம் தோற்றது. கண்ணனின் மதிப்பு கண்ணனிடம் மட்டும் இல்லை. அருச்சுனன் ஏறிய தேரில் அவன் அமர்ந்தபோதுதான் அது வெளிப்பட்டது. புள்ளி தனித்தனி உருவத்தின் விலையைச் சொல்லும். ஒன்று மற்றொன்றோடு சேரும்போது விளையும் பயனைச் சொல்லாது. அதனைக் கண்டுபிடிப்பதே பட்டியல் எழுதுபவன் வேலை.

நான் அறிவியல் மாணவன். ஆதலின் ஒரு கணக்கையும் சொல்ல விரும்புகிறேன். 1916-இல் பிரெடெரிக் லாஞ்செஸ்டர் என்னும் ஆங்கிலப் பொறியியலாளர் போரின் எண்ணிக்கையைப் பற்றி ஒரு நூல் எழுதினார். எல்லாரும் எல்லாரையும் தாக்கக்கூடிய போரில், அதாவது தொலைவிலிருந்து எய்யும் போரில், ஒரு படையின் வலிமை எண்ணிக்கையின் இருமடிக்கு ஏற்ப வளரும் என்றார். ஐந்து புள்ளி வில்லாளர் நூற்றுவர் ஒருபுறம். பத்துப் புள்ளி வில்லாளர் ஐம்பதின்மர் மறுபுறம். இருபுறமும் ஐந்நூறு புள்ளியே. ஆனால் நூறின் இருமடி பதினாயிரம். ஐம்பதின் இருமடி இரண்டாயிரத்து ஐந்நூறு. விலை இருமடங்கான வில்லாளன் இருமடங்கு திறமுடையவனாய் இருந்தால் போதாது; நான்மடங்கு திறமுடையவனாய் இருந்தால்தான் ஈடுகொடுப்பான்.

அப்படியானால் எப்போதும் எளியவரையே குவிக்கலாமே என்று கேட்பீர்கள். அங்கேதான் களம் குறுக்கிடுகிறது. இரு பாறைகளுக்கு இடையே குறுகிய வழி. நால்வர்தாம் நேருக்கு நேர் நின்று வாள் வீச முடியும். பின்னிற்பவர் தம் முறைக்குக் காத்திருக்க வேண்டியதுதான். இங்கே இருமடிக் கணக்கு செல்லாது. இருமடங்கு விலைக்கு இருமடங்கு திறம் இருந்தாலே போதும். எலிகள் கடல்போல் ஆரவாரித்தாலும் நாகம் மூச்சுவிட்டால் ஒழியும் என்னும் கருத்தைப் படைமாட்சியில் வள்ளுவர் வைத்தார். எண்ணிக்கையின் ஆற்றலை லாஞ்செஸ்டர் காட்டினார். இருவரில் யார் சொல் எங்கே பலிக்கும் என்று களத்தைப் பார்த்துத் தீர்மானிக்கிறவனே நல்ல பட்டியல் எழுதுவான். தலைமக்கள் இல்லாவிடின் படை இல்லை என்றும் அதே அதிகாரம் முடிக்கிறது. தலைவர்க்கு ஒரு பங்கு ஒதுக்கியவர்கள் திருக்குறளைப் படித்திருக்க மாட்டார்கள். ஆனால் தேவை ஒன்றே.

இனி நம் வழக்குக்கு வருவோம்.

பொம்மை வாங்கவேண்டும் என்போர் உருவங்களின் அழகைச் சொல்கின்றனர். அழகை நான் மறுக்கவில்லை. ஆனால் சில பெட்டிகளின் விலை நம்மில் பலருடைய ஒரு திங்கள் உணவுச் செலவையும் தாண்டும். மன்றம் இரண்டு பெட்டி வாங்கும். மற்றவற்றை அவரவர் வாங்க வேண்டும். பின்பு நடப்பது என்ன? வாங்க முடிந்தவன் ஆடுவான். முடியாதவன் சுற்றி நின்று பார்ப்பான். புள்ளி இருவர்க்கும் ஈராயிரம் என்று தாளில் எழுதிவிட்டு, பையில் இருக்கும் காசால் படையை அளப்பது எந்த ஊர் நியாயம்? புள்ளி என்பதே சமன்செய்வதற்காகத் தோன்றியது. பணம் அதனைப் பின்வாசல் வழியே வந்து குலைக்கலாமா?

வேறொரு வழக்கமும் பரவுகிறது. எங்கோ ஒரு போட்டியில் வென்றவனுடைய பட்டியலை அப்படியே பெயர்த்தெழுதி, அதே படையை நிறுத்துகின்றனர். வெற்றி கிடைக்கலாம். ஆனால் ஏன் இத்தனை குதிரை, ஏன் அந்த மந்திரவாதி என்று கேட்டால் விடை வருவதில்லை. விடை தெரிந்துகொண்டு விடைத்தாள் எழுதும் மாணவன் தேர்வில் வெல்வான்; ஆய்வுக்கூடத்தில் என் செய்வான்?

விளையாட்டையே விடுக என்போர்க்கும் ஒரு சொல். எல்லைக்குள் தேர்ந்தெடுக்கும் பயிற்சி வீண் பயிற்சியன்று. என் பாட்டனார் தேயிலைத் தோட்ட வேலைக்காகத் திருநெல்வேலிச் சீமையை விட்டு இம்மலை நாட்டுக்கு வந்தபோது ஒரு தகரப்பெட்டி கொள்ளும் அளவே கொண்டுவந்தார் என்று என் தந்தையார் சொல்வார். அம்மிக்கு அதில் இடமில்லை, அரிவாளுக்கு இருந்தது. இரண்டு வேட்டி, ஒரு செம்பு, ஒரு பழைய பாரத அம்மானைப் புத்தகம். பெட்டியின் அளவு அவரைச் சிந்திக்க வைத்தது. ஊர் விட்டு ஊர் வந்த குடும்பங்களில் இத்தகைய பட்டியல் எழுதாத குடும்பம் உண்டோ? எது இன்றியமையாதது, எது இருந்தால் நல்லது, எது வெறும் ஆசை என்று பிரித்தறியும் அறிவு அங்கே பிறக்கிறது. அந்த அறிவை மாலை நேரத்தில், யாருக்கும் தீங்கின்றி, ஒரு மேசைமேல் பழகலாம் என்றால் அதனைத் தடுப்பானேன்? போர்வெறி வளரும் என்று அஞ்சவும் வேண்டா. ஒவ்வொரு வீரனுக்கும் விலை உண்டு என்று எண்ணி எண்ணிப் படை சேர்த்தவன், உண்மைப் போரை எளிதாய்ப் பேசத் தயங்குவான்.

ஆகவே என் கருத்து இதுதான். மன்றம் பொம்மை வாங்க வேண்டா. அட்டை, பசை, வண்ணம் போதும். நம் வீடுகளில் நவராத்திரிக்குப் படிகட்டிப் பொம்மை அடுக்கியவர்களுக்கு உருவம் செய்யக் கற்றுத்தர இங்கிலாந்திலிருந்து ஆள் வரவேண்டுமா? படைக்கும் நமக்குப் பஞ்சமில்லை. கந்தபுராணத்தில் வீரவாகு முதலான நவவீரரும் பூதப்படையும் ஒருபுறம். சூரபதுமன், சிங்கமுகன், தாரகன் ஆகியோரின் அசுரப்படை மறுபுறம். கம்பர் காட்டும் எழுபது வெள்ளம் குரங்குப்படை இருக்கிறது. வில்லும் வாளும் இன்றி மரமும் மலையும் கொண்டு பொருத படைக்கு எத்தனை புள்ளி வைப்பது? கலிங்கத்துப்பரணியின் பேய்களை எப்பங்கில் சேர்ப்பது? போர்க்களத்தில் அவை பொருவதில்லை, சமைக்கின்றன. அவற்றையும் ஒருவன் பட்டியலில் சேர்ப்பானாயின் அவன் காரணத்தைக் கேட்க நான் முதல் வரிசையில் அமர்வேன்!

பில் பார்க்கரும் அவர் துணைவரும் ஆக்கிய டி பெல்லிஸ் ஆன்டிகுவிட்டாட்டிஸ் என்னும் விதிநூல் 1990-இல் வெளிவந்தது. பன்னிரண்டே உறுப்புகள் கொண்ட சிறுபடைகள் அதன் சிறப்பு. அதன் பட்டியல்களுள் பண்டை இந்தியப் படைக்கும் இடம் உண்டு. தமிழர் படைக்கும் இடம் உண்டு. கடல் கடந்து இருந்தவர்கள் நம் படைக்குப் பட்டியல் எழுதினர். அது பாராட்டத்தக்கது. நாம் எழுதியது எங்கே என்று நம்மையே கேட்டுக்கொள்வதும் தக்கது.

பன்னிரண்டு உறுப்பு என்பது நமக்கும் நல்ல அளவு. அடுத்த திங்களில் மன்றம் ஒரு மாலையை ஒதுக்கட்டும். ஒவ்வொருவரும் தம் கையால் வெட்டிய பன்னிரண்டு அட்டைகளோடும் தாம் எழுதிய பட்டியலோடும் வரட்டும். பகடை உருளும் முன் ஒவ்வொருவரும் எழுந்து, தாம் கொண்டவற்றுக்குக் காரணம் சொல்லட்டும், கொள்ளாதவற்றுக்கும் சொல்லட்டும். காரணம் சொல்ல இயலாதவன் படை களம் இறங்கலாகாது என்று விதி செய்வோம். பணம் உள்ளவனும் இல்லாதவனும் அன்று ஒரே அட்டையில்தான் வெட்டியாக வேண்டும். பொருளாளர் கவலையின்றி உறங்கலாம். கத்தரிக்கோலுக்கு மட்டும் கணக்கு எழுதினால் போதும்.