வாவியின் இரு கரைகளும் அரை மணி நேரமும்

அறிவியற் புனைகதை ஆசிரியர்கள் படைத்துத் தந்த கருவிகளுள் என்னை நெடுநாளாக ஈர்த்து வருவது காலத்தைத் தடுத்து நிறுத்தும் கவசம். அதனுள் புகுந்தவருக்கு மூப்பில்லை, பசியில்லை. வெளியே நூறாண்டு கழிந்தாலும் உள்ளே ஒரு கணமும் கழிவதில்லை. 1899 இல் எச். ஜி. வெல்ஸ் வெளியிட்ட நாவலொன்றின் நாயகன் 203 ஆண்டுகள் உறங்கி விழிக்கிறான்.

இந்த ஆசை நமக்கும் புதிதன்று. மலைக்குகையில் யுகக்கணக்காக உறங்கிய முசுகுந்தனைப் புராணப் படிப்பில் கேட்டு வளர்ந்தோம். காத்தான்குடி நண்பர்கள் குர்ஆனின் 18 ஆம் அத்தியாயத்தில் வரும் குகைவாசிகளைப் பற்றிச் சொல்வார்கள். கிறித்தவ மரபில் அவர்களே எபேசு நகரின் ஏழு உறங்குவோர். மட்டக்களப்பு வாவியைச் சூழ வாழும் மூன்று சமயத்தாருக்கும் பொதுவான கதைகளுள் இதுவும் ஒன்று.

கதையில் மட்டுமன்றி, நேரிலும் இத்தகைய ஒன்றைக் கண்டிருக்கிறேன். அதற்கு எந்தக் கருவியும் தேவைப்படவில்லை. வாவியைக் கடந்தாலே போதுமாயிருந்தது.

1996 இல் நாட்டில் கடும் வரட்சி. நீர்மின் நிலையங்கள் தளர்ந்தன. மின்சாரத்தைச் சேமிக்கவென அரசாங்கம் மே மாதத்தில் மணிக்கூடுகளை ஒரு மணி நேரம் முன்னகர்த்தியது. ஒக்டோபரில் அரை மணியைக் குறைத்தது; மீதி அரை மணி நிலைத்துவிட்டது. விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதிகள் இம்மாற்றத்தை ஏற்கவில்லை. ஆகவே எழுவான்கரையில் புதிய நேரம், படுவான்கரையில் பழைய நேரம். எட்டு மணிக்கு இக்கரையில் ‘பாதை’ ஏறினால் எட்டு மணியாவதற்கு முன்னரே அக்கரையில் இறங்கிவிடலாம். செய்தி சேகரிக்கச் சென்ற நாட்களில் யாரைச் சந்திக்க நேரம் குறித்தாலும் முதலில் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றிருந்தது: பழைய நேரமா, புதிய நேரமா?

வெளிநாட்டிலிருந்து வந்த நண்பரொருவர் அக்காலத்துப் படுவான்கரையைக் கண்டு நெகிழ்ந்துபோனார். “காலம் இங்கே நின்றுவிட்டது” என்றார். தயிர்ச்சட்டிகளும் வயல்வெளியும் குப்பிவிளக்கும் அவருக்கு இளமையை நினைவூட்டியிருக்க வேண்டும். அவரிடம் நான் அன்று சொல்லாததை இன்று எழுதுகிறேன். குப்பிவிளக்கு எரிந்தது மின்சாரம் வராததால். வயல் பழைய முறையில் விளைந்தது உரம் சோதனைச் சாவடியைத் தாண்டாததால். சுவர் மணிக்கூட்டுக்கான மின்கலத்தைக்கூடத் தடையின்றிக் கொண்டுசெல்ல முடியாதிருந்த நாட்கள் அவை. அங்கே காலத்தை எவரும் நிறுத்தவில்லை. மக்களைத்தான் நிறுத்தி வைத்திருந்தார்கள். மருந்துக்குத் துறையில் காத்திருந்தவர்களுக்கு நோய் காத்திருக்கவில்லை.

கொக்கட்டிச்சோலைப் பக்கத்தில் ஒரு தாயாரின் வீட்டில், சாவி கொடுக்கும் பழைய மணிக்கூடு ஒன்று இருந்தது. 1990 இல் சுற்றிவளைப்பில் கொண்டுசெல்லப்பட்ட மகன் வாங்கி வைத்தது. தவறாமல் சாவி கொடுத்து வந்தார். 2006 ஏப்ரலில் அரசாங்கம் நேரத்தை மீண்டும் பழைய நிலைக்குக் கொண்டுவந்தது. பாடசாலைப் பிள்ளைகள் இருட்டில் எழ வேண்டியிருக்கிறதென்பது சொல்லப்பட்ட காரணங்களுள் ஒன்று. பத்தாண்டுகளின் பின் வாவியின் இரு கரைகளிலும் ஒரே நேரம். அதைப் பற்றி எழுதப் போன என்னிடம் அந்தத் தாயார் சொன்னார்: “மனே, என்ட மணிக்கூடு மாறல்ல. அவங்கட மணிக்கூடுதான் என்ட நேரத்துக்கு வந்திரிக்கு. வரவேண்டியவன்தான் இன்னும் வரல்ல.”

நேரம் ஒன்றானது, அமைதி வரவில்லை. மறு ஆண்டு மார்ச்சில் படுவான்கரை போர்க்களமாகி, இலட்சத்துக்கும் மேற்பட்டோர் மாவட்டத்தில் இடம்பெயர்ந்தனர். அந்த வீடு அப்போது அழிந்தது. மணிக்கூடும் போயிற்று. தாயார் ஓரிரு ஆண்டில் காலமானார்.

என் கருத்து இதுதான். காலத்திலிருந்து காக்கும் கவசம் ஒன்று இந்நாட்டில் உண்மையிலேயே இருக்கிறது. ஆனால் அது பாதிக்கப்பட்டோரிடம் இல்லை. 1990 செப்டெம்பர் 5 அன்று வந்தாறுமூலைக் கிழக்குப் பல்கலைக்கழக அகதி முகாமிலிருந்து 158 பேர் கொண்டுசெல்லப்பட்டனர். அதற்கு ஒரு மாதம் முன்னர், ஓகஸ்ட் 3 அன்று, காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்த நூற்றுக்கு மேற்பட்டோர் புலிகளால் கொல்லப்பட்டனர். இவ்விரண்டுக்கும் எவரும் தண்டிக்கப்படவில்லை. 1994 இல் ஓர் ஆணைக்குழு, 2013 இல் இன்னொன்று, 2016 இல் காணாமற்போனோர் அலுவலகத்துக்கான சட்டம். ஒவ்வொன்றின் முன்னும் அதே தாய்மார் அதே கதையை முதற்தடவை சொல்வதுபோலச் சொல்ல வேண்டியிருந்தது. ஆணைக்குழு அறையினுள் காலம் நகரவில்லை. அதற்கு வெளியே அவர்கள் முதுமையடைந்தார்கள்.

காலத்தாழ்வு என்பது நிர்வாகத்தின் மெத்தனம் என்றே நெடுங்காலம் எழுதி வந்தேன். இப்போது அவ்வாறு எண்ணவில்லை. சாட்சிகள் இறக்கும்வரை காத்திருப்பது குற்றவாளிக்கு ஒரு கவசம். அது எல்லாத் தரப்புக் குற்றவாளிகளுக்கும் பொருந்துகிறது. வந்தாறுமூலைக்கு நீதி கேட்கும் நாம் காத்தான்குடியைப் பேசாது விட்டால், அந்தக் கவசத்தை நாமும் பிடித்து நிற்கிறோம் என்றே பொருள்.

1924 முதல் நின்ற கல்லடிப் பாலத்தினருகே புதிய பாலம் வந்துவிட்டது. மண்முனையில் 2014 முதல் பாலம் உண்டு; பாதைக்குக் காத்திருக்க வேண்டியதில்லை. வாவியை நிமிடங்களில் கடக்கலாம். வடக்கிலும் கிழக்கிலும் 2017 முதல் வீதியோரம் அமர்ந்த தாய்மாரோ ஒருவர்பின் ஒருவராக மறைந்து வருகின்றனர். எஞ்சியோர் கேட்பது பெரிதொன்றுமில்லை. தம் பிள்ளை என்று, எங்கே, யார் கையில் இறந்தான் என்பதே. திதி கொடுக்க ஒரு தாய்க்கு ஒரு நாள் வேண்டும். அந்த நாளைச் சொல்லக்கூடியவர்கள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள்.