பாத்தும்மா என்ற பெயரும் "பிழை" என்ற பழியும்

கல்முனைக்குடி, சாய்ந்தமருது, மருதமுனை, நிந்தவூர், அக்கரைப்பற்று முதலிய ஊர்களில் எழுபது எண்பது வயதைக் கடந்த பெண்களின் பெயர்களைக் கேட்போர் செவியில் ஓர் இறுதியொலி திரும்பத் திரும்ப விழும். ஆமினா உம்மா, கதீஜா உம்மா, அலிமா உம்மா, பாத்தும்மா. இதே ஊர்களின் பாடசாலை இடாப்புகளில் இன்று அவ்வொலி அருகிவிட்டது. பெயர்கள் காலத்தோடு மாறுவது இயல்பே. அதன்பொருட்டு எவரும் கண்ணீர் உகுக்க வேண்டியதில்லை. ஆனால் மாற்றத்துக்குக் கற்பிக்கப்படும் நியாயம் ஆராயப்பட வேண்டியது. பாத்தும்மா என்பது 'பாத்திமா'வின் சிதைவு. எழுத்தறியாதார் வாய்ப்பட்ட கொச்சை. மார்க்கத்துக்கு ஒவ்வாத கலப்பு. இவ்வாறு கூறுவோர் படித்தவர்களாக இருப்பதே விந்தை. இக்கூற்று மொழியியலுக்கும் வரலாற்றுக்கும் மார்க்கத்துக்கும் ஒருங்கே முரணானது.

முதலில் ஒலியை நோக்கலாம். பாத்திமா என்னும் அரபுப் பெயர், குழந்தையைப் பால்குடி மறக்கச் செய்தல் என்னும் பொருளுடைய வேரினின்று பிறந்தது. நபிகள் நாயகத்தின் மகளாரும் அலி அவர்களின் துணைவியாருமான பாத்திமா நாயகியால் அது உலகப் பெயராயிற்று. 909இல் வட ஆபிரிக்காவில் எழுந்த பாத்திமிய அரசும் அவர் வழித்தோன்றல் என்னும் உரிமையைக் கூறியே அப்பெயரைப் பூண்டது. இப்பெயரின் முதலொலி தமிழில் இல்லாமையால் அதனிடத்தில் பகரம் நின்றது. இனி, பேச்சுத் தமிழில் இதழொலியை அடுத்த இகரம் உகரமாதல் பரவலான வழக்கு: பிள்ளை புள்ளையாகும், பிட்டு புட்டாகும். பாத்திமா பாத்துமாவானதும் அவ்வியல்பினாலேயே. மகளைப் 'புள்ளை' என்று அழைக்கும் வாய் 'பாத்தும்மா' என்று அழைப்பது பிழையாயின், அவ்வாய் தமிழ் பேசுவதே பிழையென்றாகும். வடசொற்கள் தமிழெழுத்துக்கு இயைந்து வரலாமெனத் தொல்காப்பியம் எச்சவியலில் இடமளித்தது. வடமொழிக்குத் தரப்பட்ட அவ்வுரிமை அரபுமொழிக்கு மட்டும் ஏன் மறுக்கப்பட வேண்டும்?

பெயரின் இறுதியில் இரட்டித்து நிற்கும் மகரம் இன்னும் நுணுகி நோக்கத்தக்கது. அரபியில் 'உம்மு' என்பது தாயைக் குறிக்கும். அம்மொழியில் அது பெயருக்கு முன்னே நிற்கும்: உம்மு சலமா, உம்மு குல்தூம். தமிழிலோ மதிப்புச்சொல் பெயருக்குப் பின்னே வரும்: செல்லம்மா, தங்கம்மா, பொன்னம்மா. பாத்தும்மா என்பதைப் பாத்திமாவும் உம்மாவும் சேர்ந்த வடிவமாகக் கொள்வதே பொருந்தும். சொற்கள் இரண்டும் அரபு. அவற்றை அடுக்கிய முறை தமிழ். பெயரளவிலேனும் ஒரு மொழியின் உடலும் மற்றொரு மொழியின் நடையும் இத்துணை இசைந்து நிற்பதைக் காண்பது அரிது. உம்மா இதில் இல்லை, இது வெறும் பேச்சுத் திரிபே எனக் கொள்ளினும் வாதம் தளராது. திரிபு என்பது குற்றமன்று; ஒரு பெயர் ஓரினத்தாரின் நாவில் குடியேறியதற்குச் சான்றே அது.

அச்சான்று உலகெங்கும் கிடக்கிறது. துருக்கியர் 'பாத்மா' என்பர். சுவாகிலி மொழியினர் 'பாத்துமா' என்பர். மேற்கு ஆபிரிக்காவில் அது 'பாத்துமாத்தா' என நீளும், 'பாத்து' எனக் குறுகும். அரபு வீடுகளிலேயே செல்லப் பெயராகப் 'பத்தூம்', 'பத்தூமா' என்பன வழங்குகின்றன. கடலுக்கு அப்பால் மலையாள முஸ்லிம்களிடையே இதே பாத்தும்மா உண்டு. வைக்கம் முகம்மது பஷீர் 1959இல் வெளியிட்ட புகழ்பெற்ற நாவலின் தலைப்பிலேயே அவள் தன் ஆட்டோடு நிற்கிறாள். துருக்கியரின் பாத்மாவை எவரும் கொச்சை என்பதில்லை. கல்முனைப் பெண்ணின் பெயர் மட்டும் கொச்சையாவது எந்த அளவுகோலால்?

மார்க்கத்தின் பெயரால் எழுப்பப்படும் தடையும் நிலைக்காது. பெயரில் இஸ்லாம் நோக்குவது பொருளையே, ஒலியை அன்று. 'கட்டுப்படாதவள்' என்னும் பொருள்பட்ட பெயருடைய பெண்ணுக்கு நபிகள் நாயகம் 'ஜமீலா' எனப் பெயர் மாற்றியதை ஹதீஸ் கூறும். எகிப்திலிருந்து வந்த மாரியா அம்மையாரோ மாரியாவாகவே வாழ்ந்தார். இப்றாஹீம், மூஸா, மர்யம் என்பனவும் எபிரேய மரபில் வழங்கிய பெயர்கள் அரபு நாவுக்கு இயைந்து பெற்ற வடிவங்களே. பிறமொழிப் பெயரைத் தன் ஒலிமரபுக்கு ஏற்ப வழங்குதல் அரபுக்குத் தகுமாயின், தமிழுக்கும் தகும்.

இங்கு எதிர்வாதம் ஒன்று உண்டு; அது ஒதுக்கத்தக்கதன்று. நபியவர்கள் மாற்றிய அப்பெயரையும், பிர்அவ்னின் மனைவியாரான ஆசியா அம்மையாரின் பெயரையும் அரபியில் வெவ்வேறு எழுத்துகள் பிரித்துக் காட்டும்; தமிழில் இரண்டும் 'ஆசியா' என்றே நிற்கும். எனவே தமிழ் வடிவம் பொருளை மயக்கும் என்பர். உண்மைதான், தமிழ் நெடுங்கணக்கு அரபு ஒலிகள் அனைத்தையும் ஏந்தாது. அரபுத்தமிழ் என்னும் எழுத்துமுறையை முன்னோர் கைக்கொண்டதும் இக்குறையை அறியாமலன்று. ஆனால் மகளுக்கு ஆசியா உம்மா எனப் பெயரிட்ட தாய், கொடுங்கோலனின் அரண்மனையில் ஈமானைக் காத்த பெண்ணையே நினைந்தாள். கேட்ட ஊரும் அவ்வாறே விளங்கிக்கொண்டது. பெயரின் பொருளை நிலைநிறுத்துவது அதை வழங்கும் சமூகத்தின் நினைவு. பாத்தும்மாவிலோ இம்மயக்கமும் இல்லை. சீறாப்புராணத்தில் பாத்திமா திருமணப் படலத்தைக் கேட்டு வளர்ந்த சமூகத்துக்கு அப்பெயர் எவரைக் குறித்தது என்று எவரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை.

அவ்வாறாயின் இப்பழி எங்கிருந்து வந்தது? வேர் அரசியலில் உள்ளது. 1888இல் பொன்னம்பலம் இராமநாதன் இலங்கைச் சோனகரின் இனவியல் பற்றிய தம் கட்டுரையில், அவர்கள் இனத்தால் தமிழரே என வாதிட்டார். சட்டநிருபண சபையில் முஸ்லிம்களுக்குத் தனிப் பிரதிநிதித்துவம் வேண்டப்பட்ட காலம் அது. அது 1889இல் கிடைத்தது. ஐ. எல். எம். அப்துல் அஸீஸ் 1907இல் வெளியிட்ட மறுப்பில் அரபு வழித்தோற்றத்தை வலியுறுத்தினார். தனித்துவத்தை மறுத்த வாதத்துக்கு எதிராகத் தனித்துவத்தை நிறுவியது அக்காலத்தின் தேவை. ஆயினும் அதன் நிழல் நீண்டது. தமிழின் சுவடு எங்கு தென்படினும் அதை அடையாளத்தின் மீது படிந்த கறையாகக் கருதும் மனநிலை பின்னர் வளர்ந்தது. பாத்தும்மா என்ற பெயர் இருசாராரையும் மறுக்கிறது. இராமநாதனின் வாதத்துக்கு அடங்காத அளவுக்கு அது இஸ்லாமியப் பெயர். தமிழைக் கறையெனக் கருதுவோருக்கு அடங்காத அளவுக்கு அது தமிழ்ப் பெயர்.

வர்க்கமும் தன் பங்கைச் செய்தது. 1945இல் வந்த இலவசக் கல்வியால் உருவான மத்தியதர வர்க்கம், வயலிலும் தறியிலும் உழைத்த தன் மூத்தம்மாவின் பெயரைக் கேட்டு நாணத் தொடங்கியது. 1970களின் பிற்பகுதி தொட்டு வளைகுடா நாடுகளிலிருந்து வந்த பணத்தோடு புதிய ஒலிகளும் வந்தன. இதன் விளைவு நகைப்புக்குரியது. பாத்தும்மா 'தூய்மையற்றது' என்று விலக்கியோர், அக்காளின் பெயரோடு எதுகை பொருந்த வேண்டுமென்பதற்காக எந்த அகராதியிலும் பொருள் காணவியலாத ஒலிச்சேர்க்கைகளைத் தங்கைக்குச் சூட்டுகின்றனர். அதன் முன்னே 'பாத்திமா' சேர்கிறது. கையொப்பத்தில் அது ஆங்கிலத்து 'எஃப்' என்னும் ஒற்றையெழுத்தாகக் குறுகுகிறது. நாயகியின் பெயரைச் சிதைத்தவர் யார்? அதை வாய்நிறைய அழைத்த மூத்தம்மாவா, முதலெழுத்தாகச் சுருக்கிய பேரப்பிள்ளையின் தலைமுறையா?

இவ்விவாதம் வெறும் சொல்லாராய்ச்சியன்று. இக்கரையோரத்தில் குடி தாய்வழியே வருவது. இது அயலிலுள்ள தமிழருக்கும் பொதுவான மரபு. வீடு சீதனமாக மகளுக்குச் சேர்கிறது. மணமகன் பெண்வீட்டுக்கு வருகிறான். ஆகவே காணி உறுதிகளில் பாத்தும்மாக்கள் உரிமையாளராக நிற்கின்றனர். 1968ஆம் ஆண்டின் ஆட்பதிவுச் சட்டத்தின்கீழ் 1972 முதல் அடையாள அட்டை வழங்கப்பட்ட பின்னர், ஒரு பெண்ணின் பெயர் எல்லாப் பத்திரங்களிலும் ஒன்றாயிருத்தல் இன்றியமையாததாயிற்று. எழுதுகோல் பிடித்த ஒருவர் பாத்தும்மாவைப் 'பாத்திமா' எனத் திருத்தும்போது, உறுதியிலுள்ள பெண்ணும் அட்டையிலுள்ள பெண்ணும் காகிதத்தில் இருவராகின்றனர். தான் தானே என்று மெய்ப்பிக்க அவள் சத்தியக்கடதாசி முடிக்க வேண்டும். 2004 டிசம்பர் 26இன் ஆழிப்பேரலை இக்கரையில் வீடுகளோடு உறுதிகளையும் பத்திரங்களையும் அள்ளிச்சென்றது. எல்லாம் இழந்து நிற்பவளிடம் எஞ்சுவது பெயர் ஒன்றே. அதையும் பிழையென்று சொல்ல எவருக்கு உரிமை உண்டு?

பிறக்கும் குழந்தைக்கு எப்பெயரைச் சூட்டுவது என்பது பெற்றோரின் உரிமை. அவர்களைப் பாத்தும்மாவுக்குத் திரும்புமாறு கட்டாயப்படுத்த வேண்டியதில்லை. வேண்டுவது இரண்டே. பதிவேட்டில் எழுதுவோர் சொன்ன பெயரைச் சொன்னபடி எழுதுக. கற்றோர் மூத்தம்மாவின் பெயரைத் திருத்துவதை விடுத்து, அது எவ்வாறு உருவாயிற்று என்று கற்க முற்படுக. அப்பெயருக்கு இலக்கணமும் உண்டு, வரலாறும் உண்டு. இல்லாதது, அதைப் பிழையென்றோரின் கூற்றுக்கு ஆதாரமே.