தண்டவாளம் இடாத கம்பனி

இலங்கைப் புகையிரதத்தின் வரலாற்றை எழுதப் புகுவோர் பெரும்பாலும் 1845ஆம் ஆண்டில் இலண்டனில் தோன்றிய இலங்கைப் புகையிரதக் கம்பனியிலிருந்தே தொடங்குவர். குடியேற்ற நாட்டுச் செயலாளராக இருந்த பிலிப் அன்ஸ்ரூதர் அதற்குத் தலைமை தாங்கியதும், தோமஸ் டிரேன் என்னும் பொறியியலாளர் 1846இல் கொழும்பு - கண்டி மார்க்கத்தை ஆராய்ந்ததும் பக்தியோடு குறிக்கப்படும். கதை அங்கிருந்து வளர்ந்து, பிரித்தானிய மூலதனமும் முயற்சியுமே இந்நாட்டுக்குப் புகையிரதத்தை ஈந்தன என்ற முடிவில் நிற்கும். மேடைப் பேச்சிலே இதே முடிவு, "வெள்ளைக்காரன் வந்திராவிட்டால் றெயிலைக் கண்டிருப்போமா?" என்ற கேள்வியாக உருவெடுக்கும்.

இக்கதையின் முதற் குறை மிக எளியது. அக்கம்பனி ஒரு மைல் தூரத்துக்கேனும் புகையிரதத்தை ஓட்டியதில்லை. பதினாறு ஆண்டுகள் அது செய்தவை ஆராய்ச்சியும் கடிதப் போக்குவரத்தும் பேரமுமே. அதன் கோரிக்கை, தான் இடும் முதலுக்கு அரசாங்கம் வட்டி உத்தரவாதம் அளிக்கவேண்டும் என்பதாகும். இந்தியாவில் இதே முறை அப்பொழுது நடைமுறையில் இருந்தது. அங்கே பாதை இலாபம் ஈட்டினாலும் ஈட்டாவிட்டாலும் இலண்டன் பங்குதாரருக்கு நூற்றுக்கு ஐந்து வீதம் கிடைத்தாகவேண்டும். குறைவதை இந்தியக் குடிமக்களின் வரிப்பணம் நிரப்பும். நாகபட்டினத்திலிருந்து திருச்சிராப்பள்ளிக்குப் பாதையிட்ட தென்னிந்தியப் பெரும் புகையிரதக் கம்பனி இவ்வகையில் வளர்ந்ததே. இலாபம் தனியாருக்கு, நட்டம் பொதுமக்களுக்கு என்ற இவ்வேற்பாட்டைத் துணிகர முதலீடு என்று அழைப்பது மொழிக்குச் செய்யும் அநியாயம்.

இலங்கையில் நிகழ்ந்ததையும் நோக்குக. 1857ஆம் ஆண்டு மே மாதத்தில் கப்டன் மூர்சம் அளித்த அறிக்கை ஆறு மார்க்கங்களை ஒப்பிட்டு, அவற்றுள் ஒன்றைப் பரிந்துரைத்து, செலவு 856,557 பவுண் என்று மதிப்பிட்டது. பவுண் ஒன்றுகூடப் பிசகாத அந்தத் துல்லியம் வியப்புக்குரியது! 1858 ஆகஸ்ட் 3ஆம் நாள் தேசாதிபதி ஹென்றி வார்ட் முதல் மண்ணை வெட்டினார். அதன் பின்னர் கம்பனியின் பொறியியலாளரே நிலத்தை நன்கு அளந்து பார்த்தபோது செலவு இரண்டு மில்லியன் பவுணுக்கு மேற்பட்டது. ஈற்றில் 1861இல் கம்பனியுடனான உடன்படிக்கை முறிக்கப்பட்டது. அதன் முதல் குடியேற்ற நாட்டின் பணத்திலிருந்து திருப்பிக் கொடுக்கப்பட்டது. வேலையை அரசாங்கமே ஏற்று, 1863இல் ஃபேவியல் என்னும் ஒப்பந்தக்காரரிடம் ஒப்படைத்தது. 1864 டிசம்பர் 27ஆம் நாள் அம்பேபுசைக்கு முதல் வண்டி ஓடியது. 1867இல் கண்டிக்குப் பாதை எட்டியது. வரலாற்று நூல்கள் எதை முதல் அத்தியாயத்தில் வைக்கின்றனவோ, அது உண்மையில் ஒரு தோல்வியின் கணக்கேடு. தோற்றவர் நட்டப்படவில்லை என்பதுதான் அதில் உள்ள புதுமை.

அப்படியாயின் செலவைத் தாங்கியவர் யார்? கோப்பித் தோட்டத் துரைமார் தாமே என்றனர். ஏற்றுமதிக் கோப்பியின்மீது புகையிரதத்துக்கென விதிக்கப்பட்ட தீர்வையை அவர்கள் ஆதாரமாகக் காட்டினர். இதனை இன்றும் சிலர் ஒப்புக்கொள்வது வருந்தத்தக்கது. தீர்வை கட்டிய கை துரையினுடையதாக இருக்கலாம். அத்தீர்வைக்கு உரிய பெறுமதியை உண்டாக்கிய கை யாருடையது? தமிழகத்திலிருந்து வந்து மன்னாரில் இறங்கி, மதவாச்சி, தம்புள்ளை வழியாக மாத்தளைக்குக் கால்நடையாகச் சென்ற தொழிலாளருடையது. வடபாதை எனப்பட்ட அந்த வழியிலே, வன்னிக் காட்டிலும் அதற்கு அப்பாலும், வாந்திபேதியாலும் காய்ச்சலாலும் வீழ்ந்தவர்கள் பலர். கடுகண்ணாவை ஏற்றத்தில் பாறையை உடைத்தவர்களுள்ளும் தென்னிந்தியத் தொழிலாளர் இருந்தனர். பாதை வந்ததால் வாரக்கணக்கான மாட்டுவண்டிப் பயணத்திலிருந்து விடுதலை பெற்றது கோப்பி மூட்டை. அதனைப் பறித்தவன் மேலும் நெடுங்காலம் நடந்தே வந்தான்.

"நோக்கம் சுயநலமாக இருக்கலாம்; பயன் எல்லோர்க்கும் கிட்டிற்றே" என்பது எதிர்வாதம். முழுதும் புறந்தள்ளத்தக்க வாதமன்று இது. ஆனால் பயன் யாருக்கு, எப்பொழுது கிட்டியது என்பதை ஆண்டுகளே சொல்லும். பாதை நானுஓயாவை 1885இலும், பண்டாரவளையை 1894இலும் தொட்டது. கோப்பி நோயால் அழிந்து தேயிலை வந்தபின்னரும் மலையை நோக்கிய விரைவு குறையவில்லை. வடக்கிலோ, காங்கேசன்துறைக்கும் சாவகச்சேரிக்கும் இடையே முதல் வண்டி ஓடியது 1902 மார்ச் மாதத்தில்; கொழும்பிலிருந்து யாழ்ப்பாணத்துக்குத் தொடர்பாதை முழுமையுற்றது 1905 ஆகஸ்ட் 1இல். அம்பேபுசைக்கு வண்டி ஓடி நாற்பது ஆண்டுகளுக்குப் பின்னர்! இடைப்பட்ட காலத்தில் வடக்கின் குடிகள் வரி செலுத்தாதிருக்கவில்லை. 1892இல் ஒழிக்கப்படும்வரை நெல்வரியும் அவர்கள்மீது இருந்தது. ஆளில்லாக் காட்டினூடே பாதையிட்டால் வருவாய் வராது என்று தயங்கியவர்கள், அக்காட்டிலே குளங்கள் ஏன் தூர்ந்து கிடந்தன, ஊர்கள் ஏன் அழிந்தன என்று கேட்கவில்லை.

வந்த பாதையும் வன்னியைக் கடந்து செல்வதற்காகவே வந்தது. வவுனியா, மாங்குளம், கிளிநொச்சி, பரந்தன் என்று அது வடக்கே நேராக ஓடி ஆனையிறவைத் தாண்டுகிறது. பரந்தனிலிருந்து கிழக்கே, முல்லைத்தீவு வீதியில் உள்ள தர்மபுரத்துக்கோ, வீதி முடியும் முல்லைத்தீவுக்கோ எக்காலத்திலும் தண்டவாளம் இடப்படவில்லை. மட்டக்களப்புக்கு 1928இல் கிடைத்தது கிழக்கு வன்னிக்குக் கிடைக்கவேயில்லை. இலங்கைப் புகையிரத வரலாற்றைத் தர்மபுரத்திலிருந்து எழுதினால் அது வேறொரு நூலாகும் என்பதற்கு இதனிலும் முக்கியமான காரணம் ஒன்று உண்டு. 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் குடியுரிமை இழந்து, 1977ஆம் ஆண்டு வன்செயல்களால் மலையகத்திலிருந்து விரட்டப்பட்ட தோட்டத் தொழிலாளர் குடும்பங்கள் கிளிநொச்சிப் பகுதியில் குடியேறிய இடங்களுள் தர்மபுரமும் ஒன்று. கோப்பியைச் சுமந்தும் தேயிலையைக் கொய்தும் மலைப்பாதையின் கடனைத் தீர்த்தவர்களின் வழித்தோன்றல்கள், தம் மூதாதையர் நடந்த வன்னிக்கே திரும்பி வந்து, புகையிரதமற்ற ஊரிலே காடு வெட்டினர். கம்பனியின் பணிப்பாளர் பெயர்களை மனனம் செய்விக்கும் எந்தப் பாடநூலும் இவர்களுக்கு ஒரு வரி ஒதுக்கியதில்லை.

1990இல் வவுனியாவுக்கு வடக்கே சேவை நின்றது. போரின்போது தண்டவாளங்களும் சிலிப்பர் கட்டைகளும் பதுங்குகுழிகளுக்குக் கூரையாயின. பின்னர் இந்திய நிறுவனமொன்றின் கைகளால் பாதை புதிதாக இடப்பட்டு, வண்டி 2013 செப்டம்பரில் கிளிநொச்சியையும், 2014 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்தையும் அடைந்தது. திறப்பு விழாக்களில் பழைய கதை புதிய உருவில் மீண்டும் சொல்லப்பட்டது: அயல்நாடு ஈந்த அன்பளிப்பு, ஆட்சியாளர் வழங்கிய கொடை. அது பெரும்பாலும் கடன். கடனுக்கு முதலும் வட்டியும் உண்டு. அதனைத் தீர்ப்பது திறைசேரி. திறைசேரியை நிரப்புவது அரிசிக்கும் மண்ணெண்ணெய்க்கும் உரத்துக்கும் விலைகொடுக்கும் மக்கள். யாழ்தேவியில் ஏறவேண்டுமாயின் முதலில் பேருந்தில் பரந்தன் சந்திவரை வரவேண்டிய தர்மபுரத்து விவசாயியும் அவர்களுள் ஒருவர். 1861இல் இலண்டன் பங்குதாரருக்குப் பணம் திருப்பிக் கொடுக்கப்பட்டபோது எவருடைய பெயர் கணக்கில் எழுதப்படாது விடப்பட்டதோ, அவருடைய பெயர் இக்கணக்கிலும் இல்லை.