கிரைசோதெரபி: கோப்பில் கிடந்த ஒரு சொல்



சென்ற மாதம் ஒரு நாள், அஸர் தொழுகை முடிந்து எங்கள் முகப்பேர் மதரஸாவின் பிள்ளைகள் கலைந்து சென்றுகொண்டிருந்த வேளை. ஒரு மாணவன் மாத்திரம் வாசலருகே தயங்கி நின்றான். அவன் கையில் பழுப்பேறிய மருத்துவக் கோப்பு ஒன்று இருந்தது. ஓரங்கள் பொடிந்து, ரப்பர் வளையத்தால் கட்டப்பட்டிருந்தது.

"ஹஜ்ரத், இந்த ஒரு வார்த்தையை மட்டும் படிச்சுச் சொல்லுங்க. நன்னிமா கேட்டுட்டு வரச் சொன்னாங்க" என்றான்.

பிரித்துப் பார்த்தேன். 1988ஆம் ஆண்டுத் தேதி. நகரத்தின் ஒரு பெரிய மருத்துவமனை. ஆங்கிலத்தில் அவசரக் கையெழுத்து. பையன் விரல் வைத்த இடத்தில் 'கிரைசோதெரபி' என்று எழுதியிருந்தது. இரண்டு தாள்கள் தள்ளி, சிவப்பு மையில், சிறுநீரில் புரதம் காணப்பட்டதால் அது நிறுத்தப்பட்டது என்ற குறிப்பு. எழுத்துகளைக் கூட்டிப் படிக்க முடிந்ததே தவிர, கலைக்கல்லூரியில் பி.ஏ. படித்த எனக்கு அச்சொல்லின் பொருள் விளங்கவில்லை. நாளை சொல்கிறேன் என்று கோப்பை வாங்கி வைத்துக்கொண்டேன். அன்றிரவு அகராதியும் கையுமாக உட்கார்ந்து நான் தெரிந்துகொண்டதையும், பின்னர் விசாரித்து அறிந்ததையுமே இம்மாதம் உங்கள் முன் வைக்கிறேன்.

சொல் இரு பகுதிகளாலானது. கிரேக்க மொழியில் 'கிரைசோஸ்' என்றால் பொன். 'தெராபியா' என்றால் பணிவிடை, சிகிச்சை. பொன்னைக் கொண்டு செய்யும் சிகிச்சை என்பது நேர்ப்பொருள். நாம் கடைத்தெருவில் முழம் போட்டு வாங்கும் சாமந்திக்கு மேலைநாட்டார் வைத்த பெயர் 'கிரிசாந்திமம்'. பொற்பூ என்பது அதன் பொருள். அதிலும் இருப்பது இதே கிரைசோஸ்தான். இலத்தீனில் பொன்னுக்கு 'அவ்ரம்' என்று பெயர். ஆகவே பிரெஞ்சு மருத்துவர்கள் இச்சிகிச்சையை 'அவ்ரோதெரபி' என்றழைத்தார்கள். இரண்டும் ஒன்றே. நோயாளிகளிடம் பேசும்போது மருத்துவர்கள் இவ்விரண்டையும் சொல்வதில்லை. 'கோல்டு ஊசி' என்று சொல்லிவிட்டுப் போய்விடுவார்கள். அருஞ்சொல் கோப்போடு நின்றுவிடும். அந்த நன்னிமாவுக்கு நேர்ந்ததும் அதுவே.

அரபு கற்பிக்கும் எனக்கு இன்னொரு செய்தி வியப்பளித்தது. கிரைசோஸ் கிரேக்கரின் சொந்தச் சொல் அன்று. கடல் வணிகம் செய்த பினீசியரிடமிருந்து மூவாயிரம் ஆண்டுகளுக்கும் முன்னரே அவர்கள் பெற்றது என்பது மொழியறிஞர் கருத்து. ஹீப்ரு மொழியின் 'ஹாரூஸ்', பழைய பாபிலோன் மக்கள் பேசிய அக்காடிய மொழியின் 'ஹுராஸு' ஆகிய சொற்கள் அதற்கு உறவு. அதாவது அரபு மொழி பிறந்த அதே குடும்பத்துச் சொல். ஆனால் அரபியிலோ பொன்னுக்குத் 'தஹப்' என்ற வேறு சொல் வழங்குகிறது. ஹரகத் இடாமல் எழுதினால், 'அவன் போனான்' என்று பொருள்படும் 'தஹப' என்ற வினையும் அதே மூன்றெழுத்துத்தான். முதலாண்டுப் பிள்ளைகள் இதைக் கண்டுபிடித்ததும் "தங்கம் போயிடுச்சு" என்று சிரிப்பார்கள். ஆண்டுதோறும் ஒருவனாவது இதைச் சொல்லத் தவறுவதில்லை.

சரி, எந்த நோய்க்கு இச்சிகிச்சை? முடக்குவாதத்திற்கு. ருமட்டாய்டு ஆர்த்ரைட்டிஸ் என்பார்கள். வயதானால் வரும் சாதாரண முழங்கால் தேய்மானம் அன்று இது. உடலின் காவற்படையே உடலின் மூட்டுகளைப் பகையென்று எண்ணித் தாக்கும் நோய். பெண்களையே மிகுதியாகப் பற்றும். காலையில் எழுந்ததும் விரல்களை மடக்க இயலாது. நாளடைவில் விரல்கள் கோணிப் போகும். மாவு பிசையவும், பிள்ளைக்குச் சட்டைப் பொத்தான் போடவும் முடியாமல் கண்ணீர் வடித்த தாய்மார்களை நம்மில் பலர் பார்த்திருப்போம்.

பொன் இந்நோய்க்கு வந்து சேர்ந்தது ஒரு தவறான வழியில். 1890ஆம் ஆண்டு ஜெர்மன் அறிஞர் ராபர்ட் கோச், பொன்னும் சயனைடும் சேர்ந்த பொருள் சோதனைக் குழாயில் காசநோய்க் கிருமியின் வளர்ச்சியைத் தடுப்பதைக் கண்டார். அந்த நம்பிக்கையில் 1920களில் ஐரோப்பா முழுவதும் காசநோயாளிகளுக்குப் பொன் ஊசி போட்டார்கள். அமெரிக்காவில் அம்பெர்சன் என்ற மருத்துவரும் அவருடைய தோழர்களும் 24 நோயாளிகளைப் பன்னிரண்டு பன்னிரண்டாகப் பிரித்து, நாணயத்தைச் சுண்டிப் போட்டு, ஒரு கூட்டத்தாருக்குப் பொன்னும் மற்றவருக்கு வெறும் காய்ச்சி வடித்த நீரும் கொடுத்துப் பார்த்தனர். 1931இல் முடிவு வெளியாயிற்று. பொன் பெற்றவர்களே கூடுதலாக இடர்ப்பட்டார்கள். காசநோய்க்குப் பொன் உதவாது என்று தெளிவாயிற்று.

இதற்கிடையே பிரான்சு நாட்டில் ழாக் ஃபொரெஸ்தியே என்ற மருத்துவர், முடக்குவாதமும் காசநோயைப் போன்றதே என்று எண்ணி, அந்நோயாளிகளுக்குப் பொன் ஊசி போட்டுப் பார்த்து 1929இல் அறிவித்தார். அவர் எண்ணம் பிழை, பலனோ மெய். வீக்கம் தணிந்தது. பலர் நம்பவில்லை. 1960இல் பிரிட்டனில் ஏறத்தாழ 200 நோயாளர்களிடம், யாருக்கு எது தரப்படுகிறது என்பதை மறைத்து நடத்திய பெரும் சோதனையின் பின்னரே ஐயம் நீங்கிற்று. 1985இல் அமெரிக்காவில் வாய்வழி உட்கொள்ளும் 'அவ்ரனோஃபின்' மாத்திரைக்கு அனுமதி கிடைத்தது.

சகோதரிகளே, ஊசியில் எவ்வளவு பொன் இருந்தது என்று கேட்பீர்கள். நகையை உருக்கி ஏற்றுவதாகவே அந்த நன்னிமா இத்தனை ஆண்டுகளாக நம்பியிருந்தாராம்! அப்படியன்று. உலோகப் பொன் உடலில் கரையாது. ஊசியில் இருப்பது பொன் சேர்ந்த ஓர் உப்பு. அதில் ஏறக்குறைய பாதியே பொன். முதல் வாரம் 10 மில்லிகிராம் உப்பு, ஒவ்வாமை உண்டா என்று பார்ப்பதற்காக. பின்னர் வாரம் 50 மில்லிகிராம். மொத்தம் ஒரு கிராம் அளவு சென்ற பிறகே பலன் தெரிகிறதா என்று முடிவு செய்வார்கள். மூன்று முதல் ஆறு மாதம் பொறுத்திருக்க வேண்டும். கணக்கிட்டால், ஒரு வார ஊசியில் இருந்த பொன் ஒரு குன்றிமணி எடையில் ஐந்தில் ஒரு பங்கு. அந்த ஒரு கிராம் உப்பிலிருந்த பொன் முழுவதையும் சேர்த்தால் ஒரு சவரனில் பதினாறில் ஒரு பங்கு. 

இந்தச் சிறு அளவே உடலை ஆட்டிப் படைக்கவும் வல்லது. தோலில் அரிப்பும் தடிப்பும், வாய்ப்புண், இரத்த அணுக்கள் குறைதல், சிறுநீரகம் பழுதுபட்டுச் சிறுநீரில் புரதம் கசிதல் ஆகியன நேர்வதுண்டு. ஆகவேதான் இரத்தமும் சிறுநீரும் சோதித்துச் சோதித்தே ஊசி போட்டார்கள். நீண்ட காலம் போட்டுக்கொண்ட சிலருக்கு வெயில் படும் இடங்களில் தோல் சாம்பல்நீலமாக மாறும். அதற்கும் 'கிரைசியாசிஸ்' என்று ஒரு பெயருண்டு, அதே பொன்னை வேராகக் கொண்டு. முகம் கறுத்த பெண்ணைப் பார்த்து அக்கம்பக்கத்தார் என்னென்ன பேசியிருப்பார்கள் என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை.

இவ்விடத்தில் ஒரு மார்க்க ஐயத்தையும் தொட்டுச் செல்கிறேன், அந்த மாணவனே கேட்டதால். "ஆம்பளைங்களுக்குத் தங்கம் ஹராமாச்சே ஹஜ்ரத், அவங்களுக்கு இந்த ஊசி போடலாமா?" நல்ல கேள்வி. அறியாமைக் காலத்துக் குலாப் போரில் மூக்கை இழந்த அர்ஃபஜா இப்னு அஸ்அத் (ரலி) அவர்கள் வெள்ளியால் மூக்குச் செய்து அணிந்தார்கள். அதில் துர்நாற்றம் எழுந்தது. பொன்னால் செய்துகொள்ளுமாறு நபி (ஸல்) அவர்கள் பணித்தார்கள். அபூதாவூத், திர்மிதி, நஸாயீ ஆகிய நூல்களில் இச்செய்தி இடம்பெற்றுள்ளது. பல்லைப் பொன்னால் கட்டுவதற்கு இதனையே அறிஞர்கள் ஆதாரமாகக் காட்டினர். அலங்காரம் வேறு, தேவை வேறு என்று அவனுக்கு விளக்கினேன்.

நம் பழைய ஹகீம்களும் பொன்னை விட்டுவைக்கவில்லை. இப்னு சீனா தமது 'அல் கானூன்' நூலில் பொன்னின் மருத்துவக் குணங்களைக் குறிப்பிடுகிறார். சூடு வைக்கும் சிகிச்சைக்குப் பொற்கருவியே சிறந்தது என்பது அவர் கருத்து. அவருக்கு முன்னவரான குர்துபாவின் அறுவை மருத்துவ மேதை அஸ்ஸஹ்ராவியோ இரும்பே மேல் என்றார். அவர் காட்டிய காரணம் சுவையானது: பொன்னின் நிறமே செம்மை கலந்தது, நெருப்பில் எப்போது காய்ந்தது என்று கண்ணுக்குத் தெரியாது, எடுத்தால் விரைவில் ஆறிவிடும், விட்டால் உருகிவிடும். கைப்பட வேலை செய்தவரின் பேச்சு இது. இவ்விருவரில் என் மனம் அஸ்ஸஹ்ராவியின் பக்கமே சாய்கிறது.

யூனானியில் 'குஷ்தா திலா' என்றொரு மருந்துண்டு. திலா என்றால் பாரசீகத்தில் பொன்; குஷ்தா என்றால் கொல்லப்பட்டது. பொன்னைப் புடமிட்டு, அதன் உலோகத் தன்மையைக் கொன்று நீறாக்குவது. நம் சித்த மருத்துவத்தில் இதுவே தங்க பற்பம். நீரில் மிதக்க வேண்டும், விரல் ரேகையில் படிய வேண்டும், மீண்டும் உலோகமாகத் திரும்பக் கூடாது என்றெல்லாம் முன்னோர் சோதனை வகுத்திருந்தனர். கிரைசோதெரபி என்ற சொல்லை இவற்றின் மேல் ஏற்றுவது பொருந்தாது. அது பொன் உப்பை அளந்து, உடலைச் சோதித்துத் தரும் குறிப்பிட்ட ஒரு முறைக்கே வழங்கிய பெயர். அழகு நிலையங்களில் முகத்தில் பூசும் 'கோல்டு ஃபேஷியலுக்கு'ம் இதற்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை.

இந்த வேறுபாட்டை நான் வலியுறுத்துவதற்குக் காரணம் உண்டு. மறுநாள் கோப்புடன் அவ்வீட்டுக்குச் சென்றேன். நன்னிமா எழுபதைக் கடந்தவர். கோணிய விரல்களால் துப்பட்டாவைச் சரிசெய்துகொண்டு, திரைக்கு அப்பாலிருந்து பேசினார். வீடு வீடாக வரும் ஒருவன், மூட்டு வலிக்கு என்று காகிதப் பொட்டலத்தில் தங்க பஸ்பம் கொண்டு வந்திருக்கிறான். பெயர்ச் சீட்டு இல்லை, உரிம எண் இல்லை. நாற்பது நாள் சாப்பிட வேண்டுமாம்; விலை அரைச் சவரனுக்கு மேல். கையிலிருந்த ஒரே மோதிரத்தை விற்கத் துணிந்திருந்தார்.

"அந்தக் காலத்துல டாக்டர் தங்க ஊசிதான் போட்டாரு ஹஜ்ரத். அப்ப கை நல்லா மடங்குச்சு. ஏன் நிறுத்தினாங்கன்னே தெரியல. அதான் புள்ளைகிட்ட அந்த வார்த்தையைக் கேட்டுட்டு வரச் சொன்னேன், இதுவும் அதுவும் ஒண்ணான்னு."

ஏன் நிறுத்தினார்கள் என்பது சிவப்பு மையில் முப்பது ஆண்டுகளுக்கும் மேலாக அவர் பீரோவிலேயே இருந்தது! சிறுநீரகம் பாதிக்கப்பட்டதை அவருக்கு ஒருவரும் தமிழில் எடுத்துச் சொல்லவில்லை; சொல்லியிருந்தாலும் மனத்தில் தங்கவில்லை. இப்போது பார்க்கும் மருத்துவர், முன்பு ஏதேனும் மருந்து ஒத்துக்கொள்ளாமற் போனதுண்டா என்று கேட்டபோதெல்லாம் 'இல்லை' என்றே மகன் விடையளித்து வந்திருக்கிறார். பொட்டலத்தில் இருப்பது பொன்தானா, பாதரசமா, வேறு எதுவோ யாரறிவார்? ஏற்கெனவே பழுதடைந்து தேறிய சிறுநீரகத்திற்கு அதைத் தரலாமா? மகனை அழைத்து அந்தத் தாளைப் படித்துக் காட்டினேன். பற்பமோ குஷ்தாவோ வேண்டுமென்றால் பொட்டலக்காரனிடம் வாங்காமல், பக்கத்தில் அரும்பாக்கத்திலுள்ள அறிஞர் அண்ணா அரசு இந்திய மருத்துவமனையில் சித்த, யூனானி மருத்துவர்களிடம் இக்கோப்பைக் காட்டிக் கேளுங்கள் என்றேன்.

பொன் ஊசியின் காலம் பெரும்பாலும் கழிந்துவிட்டது. 1980களிலிருந்து 'மெத்தோட்ரெக்ஸேட்' அதன் இடத்தைப் பிடித்தது. மயோக்ரிஸின் என்ற பெயர்பெற்ற பொன் ஊசி மருந்தின் விற்பனையும் 2019இல் நிறுத்தப்பட்டது. நன்னிமாவும் இப்போது மெத்தோட்ரெக்ஸேட் மாத்திரையே உட்கொள்கிறார். இதனை முடக்குவாதத்துக்கு வாரம் ஒருமுறை மாத்திரமே உண்ண வேண்டும். நாள்தோறும் உண்டால் உயிருக்கே ஆபத்து. வீட்டில் இம்மாத்திரை உண்போர் இருந்தால் கிழமையைக் காலண்டரில் குறித்து வையுங்கள்.

மகன் அந்த வாரமே கோப்புடன் தம் தாயாரின் மருத்துவரிடம் சென்றார். அவர் சிவப்பு மைக் குறிப்பை இருமுறை படித்துவிட்டு, இரத்தமும் சிறுநீரும் சோதிக்கச் சொன்னாராம். அல்ஹம்துலில்லாஹ், முடிவு நலமாகவே வந்தது. பஸ்பம் வேண்டாம் என்று உறுதியாகச் சொல்லிவிட்டார். மோதிரம் நன்னிமாவிடமே இருக்கிறது. விரல் வீங்கியிருப்பதால் அதை ஒரு நூலில் கோத்துக் கழுத்தில் அணிந்திருக்கிறார். மாணவன் கோப்பின் மேலட்டையில் பெரிய எழுத்தில், "கிரைசோதெரபி – தங்க ஊசி – சிறுநீரகத்துக்கு ஆகவில்லை – 1991இல் நிறுத்தியது" என்று தமிழில் எழுதி ஒட்டியிருக்கிறான். 'சிறுநீரகத்துக்கு' என்பதில் ஓர் ஒற்றெழுத்தை விட்டிருந்தான், திருத்திக் கொடுத்தேன்.