ஊரார் காசில் எடுத்த படம்

முதல் போட்டவர் முகம் கோணாதபடி கதை வளைந்து கொடுப்பது திரைத்தொழிலின் எழுதாத சட்டம். அச்சட்டத்தை மீறத் துணிந்தவர் மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாம். அவருடைய குடியையும் நாடோடி வாழ்வையும் பற்றிக் கேரளத்தில் உலவும் கதைகள் ஏராளம். அவற்றைச் சுவைத்துப் பேசுவோர் அவருடைய கலையைப் பேசாதிருப்பது நமக்கு வருத்தமே.

ஆயுள் காப்பீட்டுக் கழக வேலையை உதறிவிட்டுப் புனே திரைப்படக் கல்லூரிக்குச் சென்று, ரித்விக் கட்டக்கிடம் பயின்றவர் அவர். 1984-இல் நண்பர்களோடு சேர்ந்து ஒடேசா என்னும் மக்கள் திரைப்பட அமைப்பைத் தொடங்கினார். ஐசன்ஸ்டைனின் படிக்கட்டுக் காட்சியால் திரை வரலாற்றில் நிலைத்துவிட்ட நகரின் பெயர் அது. இவ்வமைப்பினர் ஊர் ஊராகச் சென்று சாப்ளினின் ‘தி கிட்’ படத்தைத் திரையிட்டனர், பார்த்தவர்களிடம் துண்டேந்தினர். அவ்வாறு திரண்ட பணத்தில் பிறந்ததே ‘அம்ம அறியான்’ (1986).

தில்லிக்குப் புறப்படும் புருஷன் என்னும் இளைஞன் வயநாட்டில் ஒரு பிணத்தைக் காண்கிறான். தபலாக் கலைஞன் ஹரியின் உடல் அது. கொச்சியில் இருக்கும் அவன் தாய்க்குச் செய்தி சொல்லக் கிளம்புகிறான். வழியெங்கும் ஹரியை அறிந்தவர்கள் ஒவ்வொருவராய் உடன் சேர்கின்றனர். கொச்சியை அடைகையில் அது பெருங்கூட்டம். படத்துக்குக் காசு சேர்ந்த விதமும் இதுவே என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். இங்கே பொருளாதாரமும் வடிவமும் ஒன்றையொன்று ஈன்றன. மெய்யான போராட்டங்களின் பதிவுகள் கதைக்குள் தடையின்றிப் புகுகின்றன. வேணுவின் கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவில் நடிப்பையும் நிகழ்வையும் பிரித்தறிவது கடினம். நடுப்பகுதி அளவுக்கு மீறி நீள்கிறது. அதைக் குறையென்றே சொல்வோம். பணம் போட்ட ஒருவர் அருகிலிருந்தால் அப்பகுதியை வெட்டச் சொல்லியிருப்பார். அவரே அந்தப் போராட்டங்களையும் வெட்டச் சொல்லியிருப்பார்.

இந்த வழியில் இரண்டாவது படம் எடுக்க அவருக்கு ஆயுள் வாய்க்கவில்லை. 1987 மே 31 அன்று கோழிக்கோட்டில் கட்டடம் ஒன்றிலிருந்து விழுந்து இறந்தார்.

தமிழுக்கும் அவர் ஒரு படம் தந்தார். ‘அக்ரஹாரத்தில் கழுதை’ (1977) படத்துக்குத் திரைக்கதை எழுதியவர் வெங்கட் சாமிநாதன். தாயிழந்த கழுதைக்குட்டியை வளர்க்கும் பேராசிரியராக இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன் நடித்தார். அக்கிரகாரம் அக்கழுதையைக் கொல்கிறது. பின்பு அதையே தெய்வமாக்கி வணங்குகிறது. சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது பெற்ற இப்படைப்பை ஒளிபரப்புவதாக அறிவித்த தூர்தர்ஷன், எதிர்ப்பு எழவே பின்வாங்கியது. விருது கொடுத்ததும் அரசு. ஒளித்து வைத்ததும் அரசின் நிறுவனமே.

2027-இல் அப்படத்துக்கு ஐம்பது ஆண்டு நிறைகிறது. சென்னையிலுள்ள அரசு திரைப்படக் கல்லூரியும் மாவட்டங்கள்தோறும் இயங்கும் திரைப்படச் சங்கங்களும் நல்ல படியைத் தேடிப் பெற்று, நுழைவுக் கட்டணமின்றி ஊர்களில் திரையிட முன்வர வேண்டும். செலவுக்குப் பார்வையாளர்களிடமே துண்டேந்தலாம். ஜான் அதற்கு வெட்கப்பட்டவர் அல்லர்.