பெயர்ப்பலகை மாறினா போதுமா? செம்மேடு முதல் சமவெளி வரை ஒரு பழைய கேள்வி

காரவள்ளியில் இருந்து 70 கொண்டை ஊசி வளைவுகள் ஏறினால் கொல்லிமலை. செம்மேட்டைச் சுற்றியுள்ள மலையாளி பழங்குடிக் குழந்தைகள் பலருக்குப் படிப்பு என்றாலே அரசு உண்டு உறைவிடப் பள்ளிதான். அதை நடத்துவது பள்ளிக்கல்வித் துறை இல்லை, பழங்குடியினர் நலத்துறை. தமிழ்நாட்டில் இப்படி 300-க்கும் மேற்பட்ட பள்ளிகள். ஆதிதிராவிடர் நலப் பள்ளிகளோ 1,000-க்கும் மேல்.

ஏன் தனித்தனி?

மலையில் காரணம் தூரம். சமவெளியில் காரணம் மறுப்பு. பொதுப் பணத்தில் நடக்கும் பள்ளிகள் ஆதிதிராவிடக் குழந்தைகளைச் சேர்க்க மறுக்கக் கூடாது என்று 1920-களிலேயே நீதிக்கட்சி ஆட்சியில் ஆணைகள் வந்தன. பல ஊர்கள் கேட்கவில்லை. வேறு வழியின்றி, அன்றைய தொழிலாளர் துறை சேரிகளில் தனிப் பள்ளிகளைத் திறந்தது.

அமெரிக்காவில் 1954 தீர்ப்புக்குப் பிறகும் கறுப்பினக் குழந்தைகளைச் சேர்க்க விரும்பாத பிரின்ஸ் எட்வர்ட் கவுண்டி, 1959 முதல் 1964 வரை பொதுப் பள்ளிகளையே மூடியது. இங்கே மூடவில்லை, பக்கத்தில் இன்னொன்று திறந்தோம். பிள்ளைகளுக்கு எழுத்து கிடைத்தது. ஊருக்கோ, 'உங்க ஸ்கூல்தான் அங்க இருக்கே' என்று சொல்ல ஒரு சாக்கு கிடைத்தது.

அது பழைய கதைதானே?

இல்லை. 2018-ல் அவிநாசி அருகே, பட்டியல் சாதிப் பெண் சத்துணவு சமைக்கக் கூடாது என்று ஒரு பள்ளியையே முற்றுகையிட்டார்கள்.

இப்போ என்ன திட்டம்?

எல்லாப் பள்ளிகளையும் பள்ளிக்கல்வித் துறையின் கீழ் கொண்டுவருவதாக 2023 பட்ஜெட் அறிவித்தது. நாங்குநேரி சம்பவத்துக்குப் பின் அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழுவும் 2024-ல் அதையே பரிந்துரைத்தது. தலித் அமைப்புகள் சில எதிர்த்தன. தங்களுக்கென ஒதுக்கிய நிதியும் நிலமும் பொதுக் கணக்கில் கரைந்துவிடுமோ என்ற அச்சம் நியாயமானது. அந்த நிதிக்கும் நிலத்துக்கும் எழுத்துபூர்வ உத்தரவாதம் தந்துவிட்டுத்தான் இணைக்க வேண்டும்.

கல்வராயன் மலை வழக்கில், பள்ளிப் பெயரில் இருந்து 'பழங்குடியினர்' என்ற சொல்லை நீக்கச் சொன்னது சென்னை உயர் நீதிமன்றம். நல்லதுதான். ஆனால் பலகையை மாற்ற ஒரு நாள் போதும். ஆசிரியர் காலியிடம் இல்லாமல், ஆய்வகம், கழிப்பறை எல்லாம் சரியாக இருந்து, ஊரின் மற்ற பிள்ளைகளும் தேடிவந்து சேரும் பள்ளியாக அதை மாற்றுவதுதான் அசல் வேலை.

சேரிப் பள்ளியில் ஊர்ப் பிள்ளை எப்போது சேர்கிறதோ, அன்றைக்குத்தான் அந்த நூறு வருஷ மறுப்பு முடிந்தது என்று அர்த்தம்.