நோய்களின் சரித்திரத்தில் நோயாளிக்கு இடம் உண்டா?

நோய்களையும் அவற்றை எதிர்த்து மனிதர் நடத்திய போராட்டத்தையும் கூறும் நூல்களுள், பால் டி குரூயிஃப் என்ற அமெரிக்கர் 1926-இல் வெளியிட்ட ‘மைக்ரோப் ஹன்டர்ஸ்’ பெருங்கீர்த்தி பெற்றது. தாமே கிருமி ஆராய்ச்சியாளராயிருந்த அவர், லீவன்ஹூக் தம் கைப்பட இழைத்த கண்ணாடி வில்லையில் நுண்ணுயிர்களைக் கண்டது தொடங்கி, எர்லிக் மேக நோய்க்கு மருந்து கண்டது வரையில், ஒவ்வொரு விஞ்ஞானியையும் காவிய நாயகனாகவே நிறுத்தி எழுதினார். விஞ்ஞானத்தைச் சுவைபடச் சொன்ன அந்நூலின் உபகாரத்தைக் குறைத்துப் பேச எனக்கு மனமில்லை. ஆயினும், வென்றவரின் புகழையே சரித்திரமாகக் கொள்ளும் அந்த மரபில், நோயைத் தன் உடலில் சுமந்து ஆராய்ச்சிக்கு இடங்கொடுத்த மனிதன் மெல்ல மறைந்துபோகிறான் என்பதை ஒளிக்கவும் இயலவில்லை.

1897 ஆகஸ்ட் 20-ஆம் நாள் செகந்தராபாத்தில் ரொனால்ட் ராஸ் கொசுவின் வயிற்றில் மலேரியாக் கிருமியைக் கண்டார். 1902-இல் நோபல் பரிசும் பெற்றார். அந்தக் கொசுக்கள் ஹுசேன் கான் என்ற மலேரியா நோயாளியின் இரத்தத்தைக் குடித்தவை என்பதும், கடித்த கொசு ஒன்றுக்கு ஓரணா வீதம் அவர் கூலி பெற்றார் என்பதும் எத்தனை பேருக்குத் தெரியும்?

சித்தார்த்த முகர்ஜி 2010-இல் எழுதிய புற்றுநோய்ச் சரித்திரம் இக்குறையைப் பெருமளவு நீக்கியது. தம்மிடம் சிகிச்சைக்கு வந்த பெண்ணின் அச்சத்தையும் காத்திருப்பையும் ஆராய்ச்சிக் கதையோடு பின்னிச் செல்வதனாலேயே அது மனத்தைப் பற்றுகிறது. அத்தகைய நூலொன்று தமிழில் எழுதப்படுவதற்கு முற்றும் தகுதியான வரலாறு நம் சென்னையிலேயே நிகழ்ந்திருக்கிறது.

க்ஷயரோகிக்கு நல்ல காற்று, பூரண ஓய்வு, புஷ்டியான ஆகாரம், இவற்றோடு கூடிய சானடோரிய வாசம் இன்றியமையாதது என்று உலகெங்கும் நம்பியிருந்த காலத்தில், அத்தனை நோயாளிகளுக்கும் படுக்கை தர எந்த ஏழை நாட்டாலும் இயலாதென்ற நிலையில், சேத்துப்பட்டில் 1956-இல் தொடங்கிய காசநோய்ச் சிகிச்சை ஆராய்ச்சி நிலையம் எளியதொரு கேள்வியை எழுப்பிற்று. நெருக்கடியான குடிசையில் அரைவயிற்றுச் சோறுண்டு வாழும் ஏழைக்கு, மருந்தை மட்டும் ஒழுங்காகக் கொடுத்தால் நோய் தீருமா? ஏறக்குறைய 200 நோயாளிகளைக் குலுக்கல் போன்ற முறையில் இரு பிரிவாக்கி, ஒரு பிரிவினரைச் சானடோரியத்திலும் மற்றொரு பிரிவினரை வீட்டிலும் வைத்து, இரு பிரிவினருக்கும் ஐசோனியசிடும் பி.ஏ.எஸ். என்ற மருந்துமாக ஓராண்டு கொடுத்தனர். வீட்டிலிருந்தவர் மருந்தை உண்மையாகவே உட்கொள்கிறார்களா என்று பணியாளர்கள் எதிர்பாராத வேளைகளில் போய் எண்ணிப் பார்த்தனர், சிறுநீரையும் சோதித்தனர். 1959-இல் உலக சுகாதார ஸ்தாபனத்தின் சஞ்சிகையில் வெளியான முடிவு, வீட்டுச் சிகிச்சையின் பலன் சானடோரியச் சிகிச்சைக்கு ஏறத்தாழ ஈடானதென்று காட்டியது. குறைந்த உணவுண்டு, வேலைக்கும் போய்வந்தவர்கள் குணமடைந்தார்கள். உடன் வாழ்ந்த உறவினருக்கும் அதனால் கூடுதல் ஆபத்து நேரவில்லை. உலகம் சானடோரியங்களை விட்டு விலகியதற்கு இந்த ஆராய்ச்சி பெருங்காரணமாயிற்று.

இக்கதைக்கு ஒற்றை நாயகன் கிடையாது. ஆராய்ச்சியை வகுத்த மருத்துவர்கள் மதிக்கத்தக்கவர்களே. ஆனால் குமட்டலை உண்டாக்கும் பி.ஏ.எஸ். மருந்தை ஓராண்டு காலம் நாள்தோறும் விழுங்கிய சென்னை ஏழைகளும், அவர்கள் தெருவைத் தேடி அலைந்த சுகாதாரப் பணியாளர்களும் இல்லையேல் அந்த முடிவு பிறந்திராது. சஞ்சிகையின் அட்டவணைகளில் அவர்கள் எண்களாகவே இருக்கிறார்கள். அந்நிலையத்தில் பணியாற்றியோரையும், சிகிச்சை பெற்றோரின் மக்களையும் நேரில் கண்டு, அவர்கள் சொல்வதைக் கேட்டு, பழைய ஏடுகளோடு ஒப்புநோக்கி எழுத நம் எழுத்தாளர் ஒருவர் முன்வர வேண்டும். கேட்டறியக் கூடியவர்கள் ஆண்டுக்கு ஆண்டு குறைந்து வருவதால், பதிப்பகங்கள் இதற்கான பொருளுதவியை இப்போதே செய்ய வேண்டும்.